பிடித்தால் போதுமா?

ஹைதராபாத்தின் கொண்டாப்பூரில் குடியிருக்கும் தமிழர்களிடம் ஊரைப் பற்றிக் கேட்டால் மென்பொருள் நிறுவனங்களைச் சொல்வார்கள், கொத்தகூடா சந்திப்பின் நெரிசலைச் சொல்வார்கள், தாவரவியல் பூங்காவில் காலை நடை போவதைச் சொல்வார்கள். மருந்தைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை. ஆனால் அங்கிருந்து கிழக்கே கொஞ்ச தூரம் போனால் சனத்நகர் தொழிற்பேட்டை வரும். நாட்கோ மருந்து நிறுவனத்தின் ஆய்வு மையம் அங்கேதான் இருக்கிறது. 2003இல் நாட்கோ 'வீனாட்' என்ற பெயரில் ஒரு மாத்திரையை விற்பனைக்குக் கொண்டுவந்தது. அதில் இருக்கும் மருந்து இமாட்டினிப். சுவிட்சர்லாந்தின் நோவார்ட்டிஸ் அதையே 'கிளிவெக்' என்ற பெயரில் விற்றுவந்தது. அப்போது ஒரு மாதத்துக்கு சுமார் 1,20,000 ரூபாய் ஆனது. இந்திய நிறுவனங்களின் மாத்திரைக்கு எட்டாயிரம், பத்தாயிரம்தான் ஆனது.

விலையைப் பற்றி நம் பத்திரிகைகள் நிறையவே எழுதிவிட்டன. அந்த மூலக்கூறு உடம்புக்குள் போய் எதைப் பிடிக்கிறது, எப்படிப் பிடிக்கிறது என்பதைப் பற்றி அந்த அளவுக்கு எழுதவில்லை. புரதங்களின் முப்பரிமாண வடிவத்தை அணு அணுவாகக் கண்டறியும் கட்டமைப்பு உயிரியல் என்ற துறை புற்றுநோய் மருந்துக்கு எந்த அளவு உதவுகிறது, எந்த இடத்தில் கைவிடுகிறது என்பதை இமாட்டினிப்பை வைத்தே சொல்லிவிடலாம்.

நாட்பட்ட மைலாய்டு ரத்தப் புற்று என்று ஒரு நோய். மருத்துவமனைகளில் சிஎம்எல் என்பார்கள். இந்த நோயாளிகளின் ரத்த அணுக்களில் வழக்கத்தைவிடக் குட்டையான ஒரு குரோமோசோம் இருப்பதை 1960இல் பிலடெல்ஃபியாவில் பீட்டர் நோவெல், டேவிட் ஹங்கர்ஃபோர்டு இருவரும் கண்டார்கள். 9ஆம் குரோமோசோமின் ஒரு துண்டும் 22ஆம் குரோமோசோமின் ஒரு துண்டும் இடம் மாறிக்கொண்டதால் வந்த குட்டை அது என்று 1973இல் சிகாகோவில் ஜேனட் ரௌலி காட்டினார். இடம் மாறியதில் இரண்டு ஜீன்கள் ஒட்டிக்கொள்கின்றன. ஒட்டிய ஜீனிலிருந்து பிசிஆர்-ஏபிஎல் என்ற ஒட்டுப் புரதம் பிறக்கிறது.

இதில் ஏபிஎல் பகுதி ஒரு கைனேஸ். அதாவது ஏடிபி என்ற எரிபொருள் மூலக்கூறிலிருந்து ஒரு பாஸ்பேட்டைக் கழற்றி வேறொரு புரதத்தின் மேல் ஒட்டிவிடுவது அதன் வேலை. பாஸ்பேட் ஒட்டியதும் அந்தப் புரதம் விழித்துக்கொண்டு அடுத்ததை எழுப்பும். இயல்பான ஏபிஎல் தேவைப்பட்டபோது மட்டும் வேலை செய்துவிட்டு அடங்கிவிடும். ஒட்டுப் புரதத்துக்கு அடங்கத் தெரியாது. வெள்ளணுக்கள் பெருகிக்கொண்டே போகின்றன. இந்த ஒற்றைப் புரதத்தை நிறுத்தினால் நோயே நின்றுவிட வேண்டும். புற்றுநோய்களில் இவ்வளவு எளிமையான கணக்கு மிக அபூர்வம் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

நிறுத்துவதில்தான் சிக்கல். மனித உடம்பில் ஐந்நூறுக்கும் மேற்பட்ட கைனேஸ்கள் உண்டு. எல்லாமே ஏடிபியைப் பிடிப்பவை, அதைப் பிடிக்கும் பள்ளமும் எல்லாவற்றிலும் ஏறக்குறைய ஒரே அச்சு. ஒன்றை அடைக்கும் மருந்து மற்றவற்றையும் அடைத்து ஆளையே சாய்த்துவிடும் என்றுதான் 1980களில் பலரும் நினைத்தார்கள். பாசலில் இருந்த சீபா-கைகி நிறுவனத்தில் நிக்கோலஸ் லைடன், யூர்க் சிம்மர்மன், எலிசபெத் புக்டுங்கர் ஆகியோர் துணிந்து இறங்கினார்கள். வேறொரு கைனேஸுக்காகச் சலித்து எடுத்த ஒரு மூலக்கூறை அவர்கள் வெட்டி ஒட்டித் திருத்தினார்கள். ஓரிடத்தில் ஒரு மெத்தில் தொகுதியைச் சேர்த்ததும் பழைய இலக்கின் மேல் இருந்த பிடி விட்டுப்போய் ஏபிஎல் மேல் இருந்த பிடி நின்றது. தண்ணீரில் கரைய வேண்டுமே என்று வாலில் ஒரு பைப்பரசின் வளையத்தைச் சேர்த்தார்கள். அமெரிக்காவின் ஆரிகன் மாநிலத்தில் பிரையன் ட்ரூக்கர் அதை நோயாளிகளின் அணுக்களில் சோதித்தார். 1998 ஜூனில் மனிதர்களுக்குக் கொடுக்கத் தொடங்கினார்கள். நாளைக்கு 300 மில்லிகிராமோ அதற்கு மேலோ எடுத்துக்கொண்ட 54 பேரில் 53 பேருக்கு ரத்த அணுக்களின் எண்ணிக்கை இயல்புக்குத் திரும்பியது. 2001 மே மாதம் அமெரிக்க அரசு ஒப்புதல் கொடுத்துவிட்டது.

புரதத்தின் வடிவத்தைப் பார்த்து அதற்கேற்றபடி வடித்த மருந்து இமாட்டினிப் என்று மேடைகளில் சொல்வார்கள். அது உண்மையல்ல. மேலே சொன்ன வேலையெல்லாம் நடந்தபோது ஏபிஎல்லின் பள்ளத்தில் அது எப்படி உட்காருகிறது என்பதை ஒருவரும் பார்த்ததில்லை. வேதியியலாளரின் கையும் பொறுமையும் கொஞ்சம் அதிர்ஷ்டமும் சேர்ந்து கொடுத்த மருந்து அது. வடிவம் பிறகுதான் வந்தது.

அதைக் கொண்டுவந்தவர் ஜான் குரியன். சென்னைப் பல்கலைக்கழகத்தில் இரண்டு ஆண்டுகள் படித்துவிட்டு அமெரிக்கா போனவர். 2000 செப்டம்பரில், நியூயார்க்கின் ராக்கஃபெல்லர் பல்கலைக்கழகத்தில் இருந்தபோது, அவரது குழு ஏபிஎல் கைனேஸின் படிகக் கட்டமைப்பை வெளியிட்டது. பள்ளத்துக்குள் இருந்தது இமாட்டினிப்பின் நெருங்கிய உறவான ஒரு சிறிய மூலக்கூறு. முழு இமாட்டினிப் உட்கார்ந்த கட்டமைப்பு 2002இல் வந்தது.

இந்த வேலையின் சிரமத்தைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். புரதத்தைத் தூய்மையாகப் பிரித்தெடுத்து, உப்பும் வேறு சில பொருள்களும் கலந்த கரைசலில் சொட்டுச் சொட்டாக வைத்து, அது படிகமாகிறதா என்று காத்திருப்பார்கள். பெரும்பாலும் ஆகாது. ஏன் ஆகவில்லை என்று கேட்டால் பதிலும் கிடைக்காது. ஆகிவிட்டால் அந்தச் சிறு படிகத்தின் மேல் எக்ஸ்-கதிரைப் பாய்ச்சுவார்கள். அணுக்களில் பட்டுச் சிதறும் கதிர்கள் ஆயிரக்கணக்கான புள்ளிகளாகப் பதியும். புள்ளிகளின் பிரகாசத்தை வைத்துக் கணக்குப் போட்டு, எலக்ட்ரான்கள் எங்கெங்கே அடர்ந்திருக்கின்றன என்று ஒரு வரைபடம் தயாரித்து, அதற்குள் புரதத்தின் சங்கிலியைப் பொருத்துவார்கள். வலுவான கதிருக்கு சிங்க்ரோட்ரான் என்ற துகள் முடுக்கி வேண்டும். இந்தியாவில் இந்தூரின் இண்டஸ்-2இல் புரதப் படிகங்களுக்கென்று ஒரு கதிர்வழி இருக்கிறது. நம் ஆய்வாளர்கள் பிரான்சின் கிரெனோபிளுக்கும் படிகங்களை எடுத்துக்கொண்டு போவதுண்டு.

குரியன் குழு கண்டது யாரும் எதிர்பார்க்காத காட்சி. கைனேஸ் வேலை செய்யும் நிலை ஒன்று, அடங்கிக் கிடக்கும் நிலை ஒன்று. வேலை செய்யும்போது எல்லாக் கைனேஸ்களும் ஒரே சாயலில் இருக்கும், ஏனென்றால் வேலை ஒன்றுதானே. அடங்கும்போது ஒவ்வொன்றும் தனக்கே உரிய விதத்தில் மடங்கிக்கொள்ளும். இமாட்டினிப் பிடித்திருந்தது அடங்கிய ஏபிஎல்லை. மடக்கு நாற்காலி மடங்கியிருக்கும்போது அதன் கால்களுக்கு நடுவே ஒரு கட்டையைச் செருகிவிட்டால் அப்புறம் விரிக்க முடியாதல்லவா, அப்படி. பள்ளிப் பாடத்தில் வரும் பூட்டு-சாவி விளக்கத்தில் பூட்டு அசையாது. இங்கே பூட்டே அசைகிறது, அசைவின் ஒரு கட்டத்தில் மட்டும்தான் சாவி நுழைகிறது. அத்தனை கைனேஸ்களுக்கு நடுவே இமாட்டினிப் மிகச் சிலவற்றை மட்டும் பிடிப்பதற்கு இதுதான் காரணம் என்று தோன்றியது. கரைய வேண்டுமே என்று சேர்த்த பைப்பரசின் வளையமும் சும்மா தொங்கவில்லை, புரதத்தோடு தானும் பிணைப்புப் போட்டிருந்தது.

"தோன்றியது" என்று எழுதியதற்குக் காரணம் உண்டு. ஏபிஎல்லுக்கு மிக நெருங்கிய உறவான எஸ்ஆர்சி என்ற கைனேஸை இமாட்டினிப் மிகவும் பலவீனமாகத்தான் பிடிக்கும். அது ஏபிஎல் மாதிரி மடங்காது போல என்று நினைத்தார்கள். 2007இல் குரியனின் குழுவே எஸ்ஆர்சியும் அப்படி மடங்கி, இமாட்டினிப்பைப் பள்ளத்தில் வைத்திருக்கும் கட்டமைப்பை வெளியிட்டது. மடங்க முடிகிறது, ஆனாலும் பிடி இல்லை. 2015இல் டொரதி கெர்னின் குழு இரண்டு கைனேஸ்களுக்கும் பொதுவான மூதாதைப் புரதங்களைக் கணித்து, ஆய்வகத்தில் உண்டாக்கி ஆராய்ந்தது. மருந்து உள்ளே நுழைந்த பிறகு புரதம் தன்னை இன்னும் கொஞ்சம் இறுக்கிக்கொள்வதில்தான் முக்கிய வித்தியாசம் என்றது. ஒரே படத்தைப் பார்த்து இயக்கத்தை முழுக்கச் சொல்லிவிட முடியாது என்று அந்தத் துறை தானே தன்னைத் திருத்திக்கொண்டது.

2002இன் கட்டமைப்பு புரதத் தரவு வங்கியில் 1ஐஇபி என்ற எண்ணில் இருக்கிறது. இந்த வங்கி 1971இல் தொடங்கியது. காசு கிடையாது, கணக்குத் தொடங்க வேண்டியதில்லை. கொண்டாப்பூர் அடுக்குமாடி வீட்டில் உட்கார்ந்தபடி கைப்பேசியில் திறந்து, புரதத்தைச் சுழற்றிச் சுழற்றி இமாட்டினிப் எந்த இடுக்கில் நீட்டிக் கிடக்கிறது என்று பார்க்கலாம். அதே பக்கத்தில் கட்டமைப்பின் தரத்தைக் காட்டும் பட்டைகள் வரும். அவற்றில் ஒன்று ராமச்சந்திரன் பெயரைச் சொல்லும். சென்னைப் பல்கலைக்கழகத்தில் ஜி.என்.ராமச்சந்திரனும் ராமகிருஷ்ணனும் சசிசேகரனும் 1963இல் வெளியிட்ட வரைபடம்தான் அது. புரதச் சங்கிலி எந்தெந்தக் கோணங்களில் திரும்ப முடியும், எவற்றில் திரும்பினால் அணுக்கள் ஒன்றோடொன்று இடிக்கும் என்று கணக்கிட்டுக் காட்டியது. இன்றும் உலகில் எந்த மூலையில் யார் புரதக் கட்டமைப்பு வெளியிட்டாலும் அந்தச் சோதனை உண்டு. கிண்டிக்கும் மெரினாவுக்கும் நடுவே போகிறவர்களில் எத்தனை பேருக்கு இது தெரியும் என்று நான் கேட்கப் போவதில்லை.

வடிவம் தெரிந்ததன் பலன் நோய் திரும்பி வந்தபோதுதான் கிடைத்தது. முற்றிய நிலையில் இருந்த சிலருக்கு இமாட்டினிப் சில மாதங்களில் வேலை செய்வதை நிறுத்திவிட்டது. 2001இல் லாஸ் ஏஞ்சலஸில் சார்லஸ் சாயர்ஸின் குழு அவர்களின் ஏபிஎல்லில் 315ஆம் இடத்தில் த்ரியோனின் போய் ஐசோலூசின் வந்திருப்பதைக் கண்டது. ஒரே ஒரு அமினோ அமில மாற்றம். கட்டமைப்பில் அந்த இடத்தைத் தேடினால் எல்லாம் விளங்கிவிடும். இமாட்டினிப்போடு ஹைட்ரஜன் பிணைப்புப் போட்டிருந்தது அந்தத் த்ரியோனின்தான். ஐசோலூசினால் அந்தப் பிணைப்பைப் போட முடியாது, போதாக்குறைக்கு அது பருத்து வழியையும் மறிக்கிறது. அடுத்து வந்த டசாட்டினிப், நிலோட்டினிப் இரண்டும் வேறு பல திரிபுகளைச் சமாளித்தன. இதைச் சமாளிக்கவில்லை. பிறகு பொனாட்டினிப்பை வடித்தவர்கள் ஐசோலூசினை உரசிக்கொண்டு போகும் இடத்தில் இரண்டு கார்பன்களுக்கு இடையே முப்பிணைப்பை வைத்தார்கள். முப்பிணைப்பு மெல்லிய கம்பி மாதிரி நேராக நிற்கும், பக்கவாட்டில் எதுவும் துருத்தாது. 2012 டிசம்பரில் ஒப்புதல் கிடைத்தது. அடுத்த ஆண்டே ரத்தக் குழாய் அடைப்புகள் அதிகமாக வந்ததால் அமெரிக்காவில் அதன் விற்பனையைச் சிறிது காலம் நிறுத்திவைத்தார்கள். கட்டமைப்பில் 315ஆம் இடம் தெரிந்தது, நோயாளியின் ரத்தக் குழாய் தெரியவில்லை.

வடிவத்தைப் பார்த்து வடித்த மருந்து என்று சந்தேகமில்லாமல் சொல்லக்கூடியது இந்தக் குடும்பத்தில் ஆசிமினிப். இயல்பான ஏபிஎல்லின் தலையில் ஒரு கொழுப்பமிலச் சங்கிலி இருக்கும். அது வளைந்து வந்து கைனேஸின் அடிப்பக்கத்தில் உள்ள ஒரு குழியில் செருகிக்கொண்டால் ஏபிஎல் அடங்கிவிடும். இதை 2003இல் பூஷன் நாகரும் குரியனும் மற்றவர்களும் கட்டமைப்பாகக் காட்டினார்கள். ஒட்டுப் புரதம் உருவாகும்போது இந்தத் தலைப்பகுதி வெட்டுப்பட்டுப் போகிறது, குழி காலியாகக் கிடக்கிறது. ஏடிபி பள்ளத்தை விட்டுவிட்டு அந்தக் காலிக் குழியை நிரப்பினால் என்ன என்று யோசித்து, சிறு சிறு துண்டு மூலக்கூறுகளை அதில் பொருத்திப் பார்த்து வளர்த்தெடுத்ததுதான் ஆசிமினிப். 2021 அக்டோபரில் அதற்கு அமெரிக்க ஒப்புதல் கிடைத்தது. கட்டமைப்பு வெளியாகி 18 ஆண்டுகள்.

இந்தக் கதையில் இன்னொரு படிகமும் உண்டு. நம் நாட்டில் சண்டை நடந்தது அதற்காகத்தான். மருந்துக்குள் புரதம் கிடையாது, வெறும் இமாட்டினிப் மெசிலேட் உப்பு. அந்த உப்பு படிகமாகும்போது அணுக்கள் ஒன்றுக்கு மேற்பட்ட விதங்களில் அடுக்கிக்கொள்ளும். அவற்றில் பீட்டா வடிவத்துக்குக் காப்புரிமை கேட்டு நோவார்ட்டிஸ் 1998இல் சென்னைக் காப்புரிமை அலுவலகத்தில் விண்ணப்பித்தது. 2006 ஜனவரியில் அந்த அலுவலகம் மறுத்தது. எதிர்த்து வாதாடியவர்களில் நாட்கோவும் புற்றுநோயாளிகள் உதவி அமைப்பும் இருந்தார்கள். வழக்கு சென்னை உயர் நீதிமன்றம், மேல்முறையீட்டு வாரியம் என்று ஏறி இறங்கி, 2013 ஏப்ரல் 1 அன்று உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. பீட்டா வடிவம் எலிகளின் உடம்பில் 30 விழுக்காடு அதிகமாகச் சேர்கிறது என்றது நிறுவனம். தெரிந்த பொருளின் புதிய வடிவத்துக்குக் காப்புரிமை வேண்டுமானால் அது நோயைக் குணப்படுத்தும் திறனைக் கூட்ட வேண்டும், உடம்பில் கூடுதலாகச் சேர்வது மட்டும் போதாது என்றது நீதிமன்றம். புரதத்தின் படிகம் யாரும் பார்க்கும்படி தரவு வங்கியில் கிடக்க, மாத்திரையின் படிகத்துக்கு விண்ணப்பத்திலிருந்து தீர்ப்பு வரை 15 ஆண்டுகள் ஆயின.

சோராஃபெனிப்பின் கதையும் ஹைதராபாத்தோடு பிணைந்ததுதான். பேயர் நிறுவனத்தின் மருந்து அது. கல்லீரல், சிறுநீரகப் புற்றுகளுக்குக் கொடுப்பார்கள். 2012இல் மாதத்துக்கு 2,80,428 ரூபாய் விலையாக இருந்தது. 2012 மார்ச் 9 அன்று காப்புரிமைக் கட்டுப்பாட்டாளர் பி.எச்.குரியன் (இவர் வேறு குரியன்) அதை 8,880 ரூபாய்க்கு விற்க நாட்கோவுக்குக் கட்டாய உரிமம் வழங்கினார். இந்தியா கொடுத்த முதல் கட்டாய உரிமம் அது. விலை ஒருபுறம் இருக்கட்டும். சோராஃபெனிப்பைக் கண்டுபிடிக்க இலக்காக வைத்த கைனேஸ் ஆர்ஏஎஃப். அந்தக் குடும்பத்தின் பி-ஆர்ஏஎஃப்பில் சோராஃபெனிப் எப்படி உட்கார்ந்திருக்கிறது என்று 2004இல் கட்டமைப்பு வந்தது. இமாட்டினிப் ஏபிஎல்லைப் பிடிக்கிற அதே மடங்கிய நிலையை அது பிடித்திருந்தது. இந்திய நீதிமன்றங்களையும் அலுவலகங்களையும் அலைக்கழித்த இரண்டு மருந்துகளும் அணு மட்டத்தில் ஒரே உத்திக்காரர்கள்.

பலனில் மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம். இமாட்டினிப் எடுத்துக்கொண்ட சிஎம்எல் நோயாளிகள் பல ஆண்டுகளாக வேலைக்குப் போய்வருகிறார்கள். முற்றிய கல்லீரல் புற்றில் சோராஃபெனிப் எடுத்துக்கொண்டவர்களின் ஆயுள் இடைநிலை அளவில் 10.7 மாதம், வெற்று மாத்திரை எடுத்துக்கொண்டவர்களுக்கு 7.9 மாதம் என்று 2008இல் வெளியான பெரிய ஆய்வு சொன்னது. பிடி ஒன்றே. நோய் வேறு. சிஎம்எல் ஒற்றைப் புரதத்தில் தொங்கும் நோய். கல்லீரல் புற்று அப்படியில்லை. அதில் பி-ஆர்ஏஎஃப் திரிபே அபூர்வம். சோராஃபெனிப் ஓரளவு வேலை செய்வது கட்டிக்கு ரத்தக் குழாய் வளர்க்கும் வேறு கைனேஸ்களையும் சேர்த்துப் பிடிப்பதால். மருந்து எவ்வளவு கச்சிதமாகப் பொருந்துகிறது என்று பெருமைப்படும் கட்டுரைகளில் இந்த வித்தியாசம் அடிபட்டுப் போகிறது.

ஆல்ஃபாஃபோல்டு என்ற செயற்கை நுண்ணறிவு மென்பொருள் வந்த பிறகு புரதத்தின் வடிவத்தைக் கணினியே சொல்லிவிடுகிறது. 2024இன் வேதியியல் நோபல் பரிசில் ஒரு பங்கு அதற்குத்தான். கொண்டாப்பூர்க்காரர்களுக்கு இதில் தனி ஆர்வம் இருப்பது இயற்கை. ஆனால் அது பெரும்பாலும் தருவது ஒரே ஒரு நிலையை. ஏபிஎல் விரிந்தும் மடங்கியும் இருக்கிறது, மருந்து வேண்டியது மடங்கியதை என்ற விவரத்தை அதிலிருந்து வரவழைக்கத் தனியாக மெனக்கெட வேண்டும்.

மலிவாகத் தயாரிப்பதோடு நிற்காமல் புதிதாகக் கண்டுபிடிக்கவும் ஹைதராபாத் முயன்றது. சுவிட்சர்லாந்தில் பதிவான ரைசன் நிறுவனமும் அதன் ஹைதராபாத் கிளையான இன்கோசனும் சேர்ந்து உருவாக்கிய மருந்து அம்ப்ராலிசிப். பிஐ3கே என்ற கைனேஸ் குடும்பத்தின் முதல் வகுப்பில் ஆல்ஃபா, பீட்டா, காமா, டெல்டா என்று நான்கு உறுப்பினர்கள். டெல்டா பெரும்பாலும் வெள்ளணுக்களில் இருப்பது. நிணநீர்ப் புற்றுக்கு டெல்டாவை மட்டும் பிடித்தால் போதும், மற்றவற்றைத் தொட்டால் சர்க்கரை ஏறுவது உள்ளிட்ட தொல்லைகள் வரும். டெல்டாவை மட்டும் எப்படிப் பிடிப்பது என்பதற்கு 2010இல் கேம்பிரிட்ஜில் ராஜர் வில்லியம்ஸின் குழு பல கட்டமைப்புகளை வெளியிட்டது. நம் சிதம்பரத்தில் பிறந்த வெங்கி ராமகிருஷ்ணன் ரைபோசோம் ஆய்வு செய்த அதே ஆய்வகம்தான். சில மூலக்கூறுகள் காற்றாடி இறகு மாதிரி இரு திசையில் திரும்பி நின்று, டெல்டாவின் இரண்டு அமினோ அமிலங்களை விலக்கி, முன்பு இல்லாத ஒரு பையைத் திறந்துகொண்டு உள்ளே போகின்றன. மற்ற மூவருக்கும் அந்த இடம் அவ்வளவு எளிதில் விலகுவதில்லை.

2021 பிப்ரவரி 5 அன்று இரண்டு வகை நிணநீர்ப் புற்றுகளுக்கு அம்ப்ராலிசிப்புக்கு அமெரிக்க ஒப்புதல் கிடைத்தது. ஒப்பீட்டுக் குழு இல்லாத ஆய்வில் எத்தனை பேருக்குக் கட்டி சுருங்கியது என்பதைப் பார்த்துக் கொடுத்த விரைவு ஒப்புதல் அது. பிறகு நாட்பட்ட நிணநீர் ரத்தப் புற்றில் வேறொரு மருந்தோடு சேர்த்துக் கொடுத்து, பழைய சிகிச்சையோடு ஒப்பிட்ட பெரிய ஆய்வில் நோய் மோசமாவது தள்ளிப்போனது. ஆனால் மரணங்கள் அதிகமாக இருக்கலாம் என்ற அறிகுறி தெரிந்தது. டெல்டாவை அடக்கும் மற்ற மருந்துகளிலும் இதே கவலை ஏற்கெனவே இருந்தது. கடும் தொற்று, குடல் அழற்சி என்று வரும். டெல்டா புற்றணுவில் மட்டும் இருப்பதல்ல, கிருமியோடு போராடும் நல்ல வெள்ளணுக்களுக்கும் அது வேண்டும். சரியான புரதத்தைச் சரியாகப் பிடித்ததன் விளைவே இது. 2022 ஏப்ரலில் அமெரிக்காவில் அதை விற்றுவந்த நிறுவனம் மருந்தைத் திரும்பப் பெற்றது, ஜூன் 1 அன்று ஒப்புதல் ரத்தானது என்ற அறிவிப்பும் வந்தது.

அதே ஏப்ரலில் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பின் நிபுணர் குழு கூடியது. இந்தக் குடும்ப மருந்துகளுக்கு இனி நோயாளிகளைக் குலுக்கல் முறையில் இரு குழுவாகப் பிரித்து ஒப்பிட்ட ஆய்வு இல்லாமல் ஒப்புதல் தரலாமா என்று கேட்டார்கள். வாக்களித்த 16 பேரும் கூடாது என்றார்கள். ஒருவர் எந்தப் பக்கமும் வாக்களிக்கவில்லை.